விலா அளவு முப்பது

பிப்ரவரி 9

சின்னவளுக்கு,

நீ போன பிறகு எழுதும் முதல் கடிதம். சமாதானத்துக்காக எழுதுகிறேன் என்று நினைத்துவிடாதே. அரங்கத்தின் கீழ்த்தளச் சாமான் அறையில் உன் தகரப் பெட்டி ஒன்று பூட்டிக் கிடக்கிறது. கறுப்பு ஹூக்குகள் எல்லாம் அதில்தான் இருக்கின்றன என்கிறார்கள். சாவி எங்கே? போன் செய்தால் நீ எடுப்பதில்லை.

எழுத உட்கார்ந்ததால் நாலு மாதத்துச் செய்தியையும் சொல்லிவிடுகிறேன். நம் நாடகம் ஜூன் மாதம் பெரிய அரங்கத்துக்குப் போகிறது. ஆயிரத்து இருநூறு இருக்கை. அங்கே பழைய உடைகள் எடுபடாது என்று மேனேஜர் எல்லாவற்றையும் புதிதாகத் தைக்கச் சொல்லி, ஜனவரி நடுவிலிருந்தே போடவும் வைத்துவிட்டார். புதிதாக ஒரு டெய்லர் வந்திருக்கிறார். காதில் பென்சில், வாயில் குண்டூசி. அவர் பேசுவதில் பாதி குண்டூசிக்குள்ளேயே நின்றுவிடும். ஆளை நிறுத்தி அளவெடுக்கவில்லை. உன் அளவு நோட்டு ஒழுங்காக இருக்கிறது, அது போதும் என்றார். அதில் என் பக்கம் உன் கையெழுத்தில் இருக்கிறது: தோள் பதினாலு, விலா முப்பது. அதைப் பார்த்துத்தான் என் பச்சை உடையை வெட்டினார். போட்டுக் காட்டச் சொன்னார். மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றேன். "எப்படி இருக்கு மேடம்?" என்றார். "கச்சிதம்" என்றேன். புதுத்துணி முதலில் கொஞ்சம் விறைப்பாகத்தான் இருக்கும். பழையது சாமான் அறைக்குப் போய்விட்டது.

உன் இடத்தில் எனக்கு உடை மாற்றிவிட வந்திருக்கும் பெண்ணுக்குக் கை ஐஸ்கட்டி. முதுகில் படும்போதெல்லாம் அரைச் சுருதி மேலே போகிறேன்.

சாவியைப் பற்றி எழுது. மற்றது உன் இஷ்டம்.

அக்கா


பிப்ரவரி 16

அக்காவுக்கு,

பெட்டிக்குப் பின்னால் சுவரில் ஓர் ஆணி இருக்கிறது. சாவி அதில் தொங்குகிறது. பெட்டியைக் கொஞ்சம் நகர்த்தியிருந்தாலே கண்ணில் பட்டிருக்கும்.

நான் மகன் வீட்டில் இருக்கிறேன். தெருவைப் பார்த்த கீழ் அறையில் மூன்று தையல் மெஷின். பக்கத்துப் பள்ளிக்கூடத்துச் சீருடை தைக்கிறோம். எல்லாம் ஒரே நீலம். யார் உடம்பு எப்படி வளர்ந்தாலும் மூன்றே அளவுதான்: சின்னது, நடுத்தரம், பெரியது. நிம்மதியான வேலை.

சண்டையைப் பற்றி நீ ஒரு வார்த்தை எழுதவில்லை. நான் எழுதுகிறேன். அக்டோபர் ஐந்தாம் தேதி இசை மாஸ்டரிடம் நான் சொன்னது இவ்வளவுதான்: "படிக்கட்டுப் பாட்டோட கடைசி வரிய ஒரே மூச்சுல இழுக்க வேண்டாமே. நடுவுல ஒரு மூச்சு எடுத்துக்கட்டும்." உன் குரல் போய்விட்டது என்று நான் சொல்லவில்லை. அவர் உன்னிடம் போய், "உன் தங்கச்சியே சொல்றா" என்று ஆரம்பித்துவிட்டார். நீ பாதி முகத்து மேக்கப்போடு வெளியே வந்தாய். வாத்தியக்காரர்கள், நடிகர்கள், விளக்குக்காரர் என்று முப்பது பேர் நின்றுகொண்டிருந்தார்கள். "ஹூக் மாட்டுறவளுக்கு மூச்சப் பத்தி என்ன தெரியும்?" என்று கேட்டாய். சிலர் சிரித்தார்கள். உனக்கு முடியாத நாளில் உன் வேடத்தைப் போடுவதற்கென்று வைத்திருக்கிறார்களே, குருவி, அவள்கூடச் சிரித்தாள்.

இருபத்தாறு வருடம் உன் முதுகுக்குப் பின்னால் நின்றவள் நான். அதை மட்டும் எழுதி வைக்கிறேன்.

புது உடையில் அந்தக் கடைசி வரி எப்படி வருகிறது?

சின்னவள்


பிப்ரவரி 25

சின்னவளுக்கு,

சாவி கிடைத்தது. ஹூக்குகளும் கிடைத்தன. பெட்டியில் என்னுடைய பழைய வளையல் ஒன்றும் இருந்தது. காணோம் என்று நான் பத்து வருடத்துக்கு முன்னால் ஒரு பெண்ணைத் திட்டியிருக்கிறேன்.

நீ கேட்டாய், அதனால் சொல்கிறேன். அந்த வரி வரவில்லை.

உனக்குத் தெரியாததில்லை, ஆனாலும் வரிசையாகச் சொன்னால்தான் எனக்கே புரிகிறது. விடுதிக்காரியாகப் பச்சை உடையில் பதினாலு படி ஏறுகிறேன். மேல்படியில் வாத்தியங்கள் நிற்கின்றன. கடைசி வரியை நான் மட்டும் ஒரே மூச்சில் பதினாறு எண்ணிக்கைக்கு இழுக்கிறேன். பதினாறில் என் குரல் நிற்கும், விளக்குக்காரர் விளக்கை அணைப்பார், இடைவேளை. பதினொரு வருடமாக இப்படித்தான். ஜனவரி கடைசியில் அது பதினாலு ஆனது. இப்போது பதினொன்று. என் குரல் நின்ற பிறகும் விளக்கு எரிகிறது. அந்த வெளிச்சத்தில் வாயைத் திறந்துகொண்டு நிற்கிறேன், கடையில் பரப்பி வைத்த மீன் மாதிரி. போன வாரம் முன்வரிசையில் யாரோ இருமினார். அது எனக்காக இருமிய இருமல்.

ஆனால் பயிற்சி அறையில், வீட்டுத் துணியோடு நின்று பாடினால் பதினாறு வருகிறது. ஒருநாள் பதினேழு. மேடை ஏறினால்தான் பதினொன்று. மாஸ்டர் இதைப் பயம் என்கிறார். எனக்கா, பயமா? தொண்டை டாக்டர் குழாயை விட்டுப் பார்த்தார். "தொண்டை கண்ணாடி மாதிரி இருக்கு. பிரச்சனை இங்க இல்ல" என்று சொல்லித் தன் நெற்றியைத் தட்டிக் காட்டினார். அதற்குப் பிறகு பகலெல்லாம் பேசாமல் இருக்கச் சொல்லியிருக்கிறார். போனை மேனேஜரிடமே கொடுத்துவிட்டேன்.

உடையாக இருக்குமோ என்றும் ஒருநாள் தோன்றியது. டெய்லர் என் எதிரிலேயே டேப் வைத்து உடையை அளந்து காட்டினார். நோட்டில் இருப்பதற்கு ஒரு நூல்கூடக் குறையவில்லை. ஆக, உடை சரி. நான்தான் பருத்திருக்கிறேன். ஐஸ்கட்டிப் பெண் ஹூக் மாட்டுவதற்கு நான் மூச்சை முழுக்க வெளியே விட வேண்டியிருக்கிறது. அதனால் நாலு வாரமாக ஒருவேளைதான் சாப்பாடு. இரண்டாம் காட்சியில் கண் இருட்டுகிறது. இதை யாரிடமும் சொல்லவில்லை.

வரியை இரண்டாக உடைக்கலாம் என்று நீ அன்று சொன்னாய். அன்றைக்குப் பதினாறு வந்துகொண்டிருந்தது. உன் கரிநாக்கு பலித்துவிட்டது.

அக்கா


மார்ச் 4

அக்காவுக்கு,

ஒழுங்காகச் சாப்பிடு. உடம்பைக் குறைத்துப் பாட்டை வரவழைக்க முடியாது.

இங்கே சீருடை வேலை குவிந்திருக்கிறது. புது வகுப்புகள் தொடங்கப் போகின்றன. நேற்று ஒரு பையனின் அம்மா வந்து, போன வருடத்துக் கால்சட்டையைப் பிரித்து விட முடியுமா என்று கேட்டாள். உள்ளே மடித்து விட்ட துணி இருந்தது, பிரித்து விட்டேன். அவன் போட்டுக்கொண்டு நாலு தடவை குதித்துப் பார்த்தான்.

உன் கடிதத்தை இரண்டு முறை படித்தேன். ஹூக் மாட்டுகிறவளுக்கு மூச்சைப் பற்றி ஒன்றும் தெரியாது என்று சொன்னவள் நீ. அந்த வார்த்தை உன்னிடம் இன்னும் அப்படியே இருக்கிறது. திரும்ப எடுத்துக்கொள்ள உனக்கு மனம் வரவில்லை. கூடவே கரிநாக்கு என்று ஒன்றையும் சேர்த்திருக்கிறாய். அப்படியிருக்க நான் என்ன சொல்ல?

கேட்கிற விதத்தில் கேட்டால் சொல்கிறேன்.

சின்னவள்


மார்ச் 13

சின்னவளுக்கு,

கேட்கிற விதம் எது என்று எனக்குத் தெரியவில்லை. நான் கெஞ்சிப் பழகாதவள். அதை விடு.

நேற்று மேனேஜர் கூப்பிட்டார். நாற்காலியில் உட்காரச் சொல்லிவிட்டுக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். அவர் கண்ணாடியைத் துடைத்தால் நல்ல செய்தி வராது.

"ரெண்டு வழி இருக்கும்மா. அந்த வரிய ரெண்டா வெட்டிப் பாடுங்க. இல்லேன்னா பெரிய அரங்கத்துல குருவி பாடட்டும், நீங்க மாமியார் வேஷம் எடுத்துக்குங்க."

"மாமியாருக்குப் பாட்டு இருக்கா?"

"ரெண்டு வரி இருக்கே."

"அதுவும் அடுப்படிக்குள்ளேருந்துதானே?"

"மைக் வெச்சிடலாம்."

சிரித்துவிட்டேன். அவரும் சிரித்தார். பிறகு மறுபடியும் கண்ணாடியைத் துடைத்தார்.

யோசித்துப் பார்த்தேன். பதினெட்டு வயதில் கூட்டப் பாட்டில் மூன்றாவது வரிசை. அப்போது எனக்கு வேலை நீலத்துணியின் ஒரு மூலையைப் பிடித்து அலையாக ஆட்டுவது. ஆட்டிக்கொண்டே பாட வேண்டும். அடுத்த வருடம் மரம். அந்த மரத்தின் இலைகளை நீதான் தைத்தாய், ஒரு கிளை கீழே விழுந்து நாயகனின் காலைத் தட்டிவிட்டது. அப்புறம் தோழி, அப்புறம் இரண்டாவது தோழி. அது முன்னேற்றமா இறக்கமா என்று இன்றுவரை தெரியாது. முப்பத்து மூன்று வயதில்தான் விடுதிக்காரி வந்தாள். ஊரில் யாராவது என்னைத் தெரியும் என்று சொன்னால், அந்தப் பதினாறு எண்ணிக்கையைத்தான் தெரியும் என்கிறார்கள். அதை எட்டும் எட்டுமாக நறுக்கிக் கொடுக்க என்னால் ஆகாது. ஒரே மூச்சில் பாட முடிகிறவள் பாடட்டும். முடியாவிட்டால் முயற்சி செய்யட்டும்.

குருவியும் என் அறைக்கு வந்தாள். கதவுக்கு வெளியே வெகுநேரம் நின்றுகொண்டிருந்திருக்கிறாள்.

"அக்கா, எனக்கு பன்னெண்டுதான் வருது."

"உனக்கு வயசு இருக்கு. வரும்."

"உங்க பச்ச டிரஸ்ஸயே நான் போட்டுக்கலாமாம். எனக்குத் தெச்ச மாதிரி இருக்காம், டெய்லர் சொல்றார்."

கொடி மாதிரி இருப்பவள். அவளுக்கு அது சரியாக இருக்கிறது. எனக்கு இல்லை. இதற்கு மேல் எனக்கு என்ன சாட்சி வேண்டும்?

வேடத்தை விட்டுக்கொடுப்பதாகக் கடிதம் எழுதி வைத்திருக்கிறேன். 24ஆம் தேதி, திங்கட்கிழமை கொடுக்கிறேன். உனக்கு முதலில் தெரியட்டும் என்று தோன்றியது. ஏன் தோன்றியது என்று கேட்காதே.

அக்கா


மார்ச் 20

அக்காவுக்கு,

அந்தக் கடிதத்தைக் கொடுக்காதே. இதைப் படித்துவிட்டு முடிவு செய்.

உன் கடிதம் பதினேழாம் தேதி வந்தது. உடனே போன் செய்தேன். மேனேஜர் எடுத்தார். "என்கிட்ட சொல்லுங்க, சொல்லிடறேன்" என்றார். இதை அவரிடம் சொன்னால் அரை மணி நேரத்தில் மேடைத் தச்சர் வரைக்கும் போய்விடும். உன் மானத்தை நினைத்து, சும்மா கூப்பிட்டேன் என்று சொல்லி வைத்துவிட்டேன். இந்தக் கடிதத்தையும் இரண்டு தடவை எழுதிக் கிழித்தேன்.

உன் விலா அளவு முப்பது இல்லை. எப்போதுமே இருந்ததில்லை.

விடுதிக்காரிக்கு முதன்முதலில் அளவெடுத்த அன்று நீ மூச்சை முழுக்க வெளியே விட்டுவிட்டு நின்றாய். "முப்பதுன்னு எழுது" என்றாய். எழுதினேன். உடையை முப்பதே முக்காலுக்குத் தைத்தேன். அடுத்த வருடம் அளவெடுக்க வந்தபோது, "அதான் நோட்டுல இருக்கே" என்றாய். அதற்குப் பிறகு உன்னைக் கேட்கவில்லை. இடுப்புப் பட்டையைக் கட்டிவிடும் சாக்கில் அளந்துகொள்வேன். நிஜ அளவுகளை என் தையல் பெட்டி மூடியின் உள்பக்கம் பென்சிலில் எழுதி வைத்தேன். பெட்டி என்னோடு இருக்கிறது, பார்த்து எழுதுகிறேன்: முப்பதே முக்கால், முப்பத்தொன்று, முப்பத்தொன்று, முப்பத்தொன்றேகால். இப்படியே ஏறி, போன செப்டம்பரில் முப்பத்திரண்டரை.

ஒவ்வொரு தடவையும் கால் அங்குலம் பிரித்து விடுவேன். நீ ஊருக்குப் போயிருக்கும் நாளாகப் பார்த்துச் செய்வேன். ஆறு வருடத்தில் உள்ளே விட்ட துணி தீர்ந்தது. அப்புறம் அக்குளுக்குக் கீழே ஒட்டுப் போட்டேன். அந்தப் பச்சை கடையில் கிடைக்காது. சாயம் போட்டவர் இறந்துவிட்டார். பாவாடையின் உள்மடிப்பிலிருந்து வெட்டினேன். பிறகு உன் சால்வை ஓரத்திலிருந்து. கடைசியில் இடுப்புப் பட்டையின் உள்பக்கத்திலிருந்து. அக்டோபரில் கையகலத் துணிகூட மிச்சமில்லை. உன் விலாவோ இன்னும் கேட்டது. நான் மாஸ்டரிடம் போய் நடுவில் ஒரு மூச்சு கொடுங்கள் என்று கேட்டதற்குக் காரணம் அதுதான். காரணத்தை அவரிடம் சொல்ல முடியாது. உன்னிடமும் சொல்ல முடியாது.

இன்னொன்று. அது சதை இல்லை. உன் இடுப்பு பதினொரு வருடத்தில் அரை அங்குலம்தான் கூடியிருக்கிறது. விரிந்தது விலா. நீ மூச்சை முழுக்க இழுக்கும்போது அது முப்பத்தைந்துக்குப் போகும். ஹூக் மாட்டும்போது என் கை இருக்கும் இடம் அது, எனக்குத் தெரியும். முப்பதுக்குத் தைத்த உடைக்குள் முப்பத்தைந்துக்கு மூச்சு எங்கே போகும்? பயிற்சி அறையில் வருவது மேடையில் வராததற்குக் காரணம் இதுதான். பயமும் இல்லை, வயதும் இல்லை.

சாமான் அறைக்குப் போ. பழைய உடையை எடுத்து உள்பக்கம் திருப்பிப் பார். நான் சொல்வதை நம்ப வேண்டாம், தையலை நம்பு.

சின்னவள்


மார்ச் 26

உன் கடிதம் நேற்று வந்தது. 25ஆம் தேதி. நான் என்னுடையதைக் கொடுத்தது 24ஆம் தேதி. மேனேஜர் அன்றைக்கே குருவியிடம் கையெழுத்து வாங்கிவிட்டார். ஏப்ரல் ஆட்டங்களிலும் அவளே பாடிப் பழகுகிறாள். இந்த அரங்கத்தின் கடைசி ஆட்டத்தை மட்டும், ஏப்ரல் இருபதாம் தேதி, மரியாதைக்காக எனக்கு விட்டிருக்கிறார்கள்.

சாமான் அறைக்குப் போனேன். உடையை உள்பக்கம் திருப்பினேன். பழைய தையல் ஓட்டைகள் வரிசை வரிசையாக இருக்கின்றன, ஒன்றுக்குப் பக்கத்தில் ஒன்று. இடப்பக்கம் நாலு ஒட்டு, வலப்பக்கம் நாலு. வெளியிலிருந்து பார்த்தால் ஒன்றும் தெரியவில்லை. மேஜையில் விரித்து டேப் வைத்தேன். அதே முப்பத்திரண்டரை. பிறகு கதவைத் தாழிட்டுவிட்டு என்னை அளந்தேன். மூச்சை வெளியே விட்டு விலாவைச் சுருக்காமல் நிற்க மூன்று தடவை முயற்சி செய்ய வேண்டியிருந்தது. முப்பத்திரண்டு. அரை அங்குலம் பட்டினியில் போயிருக்கிறது.

சதை ஏறிய ஒருத்தி மாதிரி எட்டு வாரம் நான் பட்டினி கிடந்தேன். பயந்தாங்கொள்ளி என்று என்னை நானே நம்பினேன். அதெல்லாம் நான் சொல்லச் சொல்லி நீ எழுதிய முப்பதால் வந்தது. அது என் கணக்கில் சேரட்டும்.

இது உன்னுடையது: எனக்கு என்ன ஆகிறது என்று பிப்ரவரி 25 கடிதத்தில் ஒன்றுவிடாமல் எழுதியிருந்தேன். மார்ச் 4ஆம் தேதி நீ எனக்கு ஒரு பையனின் கால்சட்டையைப் பற்றி எழுதினாய். அன்றைக்கே உனக்குத் தெரியுமா, தெரியாதா? அதற்கு மட்டும் பதில் போடு.

அக்கா


ஏப்ரல் 1

அக்காவுக்கு,

தெரியும்.

அதற்கும் முன்னாலேயே தெரியும். புது உடையை நோட்டைப் பார்த்து வெட்டினார்கள் என்று நீ முதல் கடிதத்தில் எழுதினாயே, அப்போதே கையில் இருந்த கத்தரியைக் கீழே வைத்துவிட்டேன். அதனால்தான் அந்த வரி எப்படி வருகிறது என்று கேட்டேன். வரவில்லை என்று நீ எழுதியதும் எனக்கு முதலில் வந்தது வருத்தம் இல்லை. முப்பது பேர் முன்னால் நீ கேட்ட கேள்விக்குப் பதில் கிடைத்துவிட்டது என்றுதான் நினைத்தேன். நீயாக வந்து, தெரியாமல் பேசிவிட்டேன் என்று சொல்லட்டும், பிறகு சொல்லலாம் என்று இருந்தேன். கால்சட்டையை வேண்டுமென்றேதான் எழுதினேன். புரிந்துகொள்கிறாயா பார்க்கலாம் என்று.

வேடத்தை விடுவாய் என்று நினைக்கவில்லை. நீ விடுகிற ஆள் இல்லையே.

பஸ்ஸில் ஆறு மணி நேரம். பதினேழாம் தேதியே ஏறியிருந்தால் பதினெட்டாம் தேதி உன் முன்னால் நின்றிருப்பேன். கடிதம் எழுதிக்கொண்டிருந்தேன். இதற்கெல்லாம் சமாதானம் சொல்லப் போவதில்லை.

இருபதாம் தேதி பழைய உடையைப் போடுவதாக இருந்தால் அந்தப் பெண்ணிடம் இதைப் படித்துக் காட்டு: ஹூக்குகளைக் கீழேயிருந்து மேலே மாட்ட வேண்டும், மேலேயிருந்து கீழே இல்லை. மாட்டும்போது நீ மூச்சை இழுத்து நிற்க வேண்டும், வெளியே விட்டு இல்லை. மேலேயிருந்து மூன்றாவது ஹூக்கை மாட்டவே கூடாது. தோள் சால்வை அதை மறைத்துவிடும். பதினொரு வருடமாக நான் அதை மாட்டியதில்லை. கையை இரண்டு நிமிடம் வெந்நீரில் வைத்துவிட்டு வரச் சொல்.

சின்னவள்


ஏப்ரல் 22

சின்னவளுக்கு,

உன் ஏப்ரல் 1 கடிதத்தை மூன்று வாரம் மேக்கப் மேஜை டிராயரில் வைத்திருந்தேன். பதில் எழுதவில்லை. கோபம்தான். அது முழுக்கப் போய்விட்டது என்று இப்போதும் சொல்ல மாட்டேன். ஆனால் தெரியும் என்று ஒரே வார்த்தையில் எழுதினாய். வேறு யாராவது இருந்தால் அதைச் சுற்றி வளைத்து நாலு பக்கம் எழுதியிருப்பார்கள்.

இருபதாம் தேதி நடந்ததைச் சொல்கிறேன்.

ஆட்டத்துக்கு முன்னால் எல்லோரையும் மேடைக்கு வரச் சொன்னேன். அன்று இருந்த அதே ஆட்கள், ஒன்றிரண்டு பேர் குறைவு. "அக்டோபர்ல இதே எடத்துல நின்னு என் தங்கச்சிய ஒண்ணு கேட்டேன். மூச்சப் பத்தி உனக்கு என்ன தெரியும்னு. உங்க எல்லாரவிட, என்னவிட, அவளுக்குத்தான் தெரிஞ்சிருக்கு" என்றேன். ஏன் என்று மாஸ்டர் கேட்டார். சொன்னேன். என் விலா அளவு முப்பது இல்லை, முப்பத்திரண்டரை என்று முப்பது பேர் முன்னால் சொன்னேன். ஒருவரும் மயங்கி விழவில்லை. வயலின்காரர் மட்டும், "நாங்க முப்பத்தாறுன்னு பேசிக்கிட்டோம்" என்றார். டெய்லர் வாயிலிருந்த குண்டூசிகளை ஒவ்வொன்றாக எடுத்துக் கையில் வைத்துக்கொண்டார். "அன்னிக்கே சொல்லியிருக்கலாமே மேடம்" என்றார். அவர் பேசியது முழுதாகப் புரிந்தது அன்றுதான்.

ஐஸ்கட்டிப் பெண் கையை வெந்நீரில் வைத்துவிட்டு வந்தாள். கீழேயிருந்து மேலே மாட்டினாள். மூன்றாவது ஹூக்கை விட்டாள். பழைய உடையில் மூன்று மாதமாகப் பூட்டிய அறையின் வாடை. இருந்தாலும் போட்டதும் தோள் தானாகக் கீழே இறங்கியது.

விளக்குக்காரர் படிக்கட்டுக்குக் கீழே வந்து நின்றார். "மேடம், தப்பா நெனக்காதீங்க. பதினொண்ணுலயே அணைச்சிடட்டுமா? பாக்க நல்லா இருக்கும்." நல்ல மனசோடு கேட்டார். "பதினாறு எண்ணுங்க. நான் நிறுத்தினாலும் நிறுத்தலேன்னாலும் பதினாறுல அணைங்க" என்றேன்.

பதினாலு படி ஏறினேன். வாத்தியங்கள் நின்றன. மூச்சை இழுத்தேன். முதுகுப்பக்கம் தையல் அசைந்து கொடுத்தது தெரிந்தது. பாடினேன். பதினொன்றைத் தாண்டியது. பதிமூன்றில் பக்கவாட்டில் நின்றிருந்த குருவி கையை வாயில் வைத்துக்கொண்டாள். பதினாறில் விளக்குக்காரர் நான் சொன்னபடியே விளக்கை அணைத்தார். எனக்கு இன்னும் மூச்சு இருந்தது. பதினேழு, பதினெட்டு, பத்தொன்பது வரைக்கும் இருட்டில் பாடினேன். அதுவரை ஒருவர் கைதட்டவில்லை. நான் நிறுத்திய பிறகுதான் தட்டினார்கள். நான் கைப்பிடியைத் தடவிப் பிடித்துக்கொண்டு படி இறங்கினேன்.

முடிந்ததும் மேனேஜர் வந்தார். கண்ணாடியைத் துடைக்கவில்லை, கையில் வைத்துக்கொண்டே நின்றார். "குருவி கையெழுத்துப் போட்டாச்சும்மா" என்றார். தெரியும் என்றேன். குருவியே வந்து, நான் விலகிக்கொள்கிறேன் அக்கா என்று அழுதாள். கூடாது என்றேன். நான் எழுதிக் கொடுத்த கடிதம் அது, நான் படித்துப் பார்த்துத்தான் கையெழுத்திட்டேன். அவளுக்கு இப்போது பதிமூன்று வருகிறது. அவளுடைய சரியான விலா அளவைக் கேட்டேன். இருபத்தொன்பது என்றாள். "மூச்ச வெளிய விட்டுட்டு அளந்ததா, சும்மா நின்னு அளந்ததா?" என்று கேட்டேன். கொஞ்சம் யோசித்துவிட்டு, முப்பது என்றாள்.

மாமியார் வேடத்தை நான் எடுத்துக்கொள்ளவில்லை. செப்டம்பரில் வேறு ஒரு நாடகம் வருகிறது. ரயில் நிலையத்தில் டிக்கெட் கொடுக்கும் பெண்மணி. நாயகி இல்லை. மூன்று பாட்டு, அதில் ஒன்று நீளம். மே 6ஆம் தேதி டெய்லர் அளவெடுக்க வருகிறார். அளவு நோட்டில் என் பக்கத்தில் முப்பதை நானே அடித்துவிட்டு முப்பத்திரண்டு என்று எழுதி வைத்திருக்கிறேன். பேனாவால்.

அக்கா


ஏப்ரல் 27

அக்காவுக்கு,

ஆறாம் தேதி டெய்லரை வர வேண்டாம் என்று சொல். ஐந்தாம் தேதி காலை பஸ்ஸில் வருகிறேன். சீருடையை மகன் பார்த்துக்கொள்வான். திரும்பிப் போகும் தேதியைப் பற்றி இப்போது பேச்சு வேண்டாம். நீ போகச் சொன்னால் போகிறேன். நான் செய்ததை நானும் மறக்கவில்லை.

நோட்டில் நீ எழுதிய முப்பத்திரண்டு தப்பு. அது பட்டினி கிடந்த அளவு. இந்த ஒரு மாதத்தில் நீ மறுபடியும் ஒழுங்காகச் சாப்பிட்டிருப்பாய். அந்தப் பக்கத்தைக் கிழித்துவிடு. புதுப் பக்கத்தில் இரண்டு அளவு எழுத வேண்டும்: சும்மா நிற்கும்போது ஒன்று, மூச்சை முழுக்க இழுத்தபோது ஒன்று. இரண்டாவதைப் பார்த்துத்தான் வெட்ட வேண்டும் என்று டெய்லரிடம் நானே சொல்கிறேன்.

அந்த நீளமான பாட்டின் கடைசி வரியைப் பாடம் பண்ணி வை. நான் டேப்பைச் சுற்றிப் பிடித்துக்கொண்டு பின்னால் நிற்கிறேன். நீ பாடு. எது வரைக்கும் போகிறது என்று பார்த்து எழுதிக்கொள்கிறேன்.

சின்னவள்